மாடி வீட்டுப் பிடிலம்மா

எங்கள் தெருவில் பெண்ணைப் பற்றி விசாரிக்க வருகிறவர்கள் முதலில் என் வீட்டு கேட்டைத்தான் தட்டுவார்கள். வீடு தெருமுனையில் இருப்பது ஒரு காரணம். முப்பது வருஷத்துக்கும் மேலாக சிட்லபாக்கத்தில் இதே வீட்டில் நான் குப்பை கொட்டிக்கொண்டிருப்பது இன்னொரு காரணம். "நாலாவது வீட்டுப் பொண்ணு எப்படிங்க?" என்று மாப்பிள்ளை வீட்டார் இழுப்பார்கள். நான் அவர்களை உட்காரவைத்து, காபி கொடுத்து, அந்தப் பெண்ணை ஒரு படி தூக்கித்தான் பேசுவேன். வெந்நீர்கூட வைக்கத் தெரியாதவளாக இருந்தால் "அவ கைப்பக்குவம் அப்படியே அவங்க அம்மாதான்" என்பேன். யாரோடும் முகம் கொடுத்துப் பேசாதவள் என்றால் "ரொம்ப அடக்கம்" என்பேன். இதில் தப்பு ஒன்றும் இல்லை, எல்லாத் தெருவிலும் நடப்பதுதான். ஒருவர் வந்து விசாரித்தால் இருப்பதையெல்லாம் எடுத்து முன்னால் வைக்க வேண்டும், கொஞ்சம் கூடவே வைக்க வேண்டும். நான் வாய் திறந்து பேசின ஒரு பெண்ணுக்கும் இதுவரை இடம் தட்டிப்போனதில்லை. அந்தக் கர்வம் எனக்கு உண்டு. உண்டு என்ன, இருந்தது.

இதைச் சொல்லிவிட்டுத்தான் என் மாடியில் குடியிருந்தவளைப் பற்றிச் சொல்ல முடியும்.

அவளுக்கு லாட்வியா. அப்படி ஒரு நாடு இருப்பதே அவள் வந்த பிறகுதான் எங்களுக்குத் தெரியும். அங்கே பெரிய மண்டபங்களில் அறுபது எழுபது பேரோடு நாற்காலியில் உட்கார்ந்து வயலின் வாசித்தவளாம். யாரோ கொடுத்த ஒரு ஒலிநாடாவில் நம் ஊர் வயலினைக் கேட்டிருக்கிறாள். அன்றிலிருந்து சோறு தண்ணீர் இறங்கவில்லை என்று பிற்பாடு என்னிடம் சொன்னாள். வேலையை விட்டுவிட்டு, படிப்பு விசாவில், மயிலாப்பூரில் ஒரு வித்வானிடம் கற்றுக்கொள்ள வந்துவிட்டாள். மயிலாப்பூர் வாடகை கட்டுப்படியாகாமல் மின்சார ரயிலில் ஏறி வீடு தேடிக்கொண்டே வந்தவளுக்கு எங்கள் மாடி போர்ஷன் கிடைத்தது. இருபத்திரண்டு வருஷம் முன்பு அது. என் வீட்டுக்காரர் அப்போது இருந்தார். அவர்தான் சரி என்றார். எனக்கு இஷ்டமே இல்லை. "குழாயில தண்ணி வரலன்னா வெள்ளைக்காரிகிட்ட எந்த பாஷையில பதில் சொல்றதாம்?" என்று சண்டை போட்டேன்.

முதல் ஆறு மாதம் அவள் வாசித்ததைவிட அழுததுதான் அதிகம். சப்பணம் போட்டு உட்காரவே வரவில்லை. நம் வயலினைத் தரையில் உட்கார்ந்து, கணுக்காலில் அதன் தலையை ஊன்றிக்கொண்டல்லவா வாசிக்க வேண்டும்? அவள் முட்டி மடங்குவதற்குள் என் உயிர் போய்விட்டது. காலையில் ஐந்து மணிக்கு ஆரம்பிப்பாள். ஒரே வரியை நூறு தடவை வாசிப்பாள். நான் கீழே மாவரைத்துக்கொண்டே, "அடுத்த வரிக்குப் போயேண்டி மகராசி" என்று கூரையைப் பார்த்துத் திட்டுவேன். ஒருநாள் சத்தமே இல்லை. மாவை அப்படியே போட்டுவிட்டு மாடிக்கு ஓடினேன். காய்ச்சலில் சுருண்டு கிடந்தாள். அன்று வைத்துக் கொடுத்த ரசத்தோடு என் வாயில் 'நீங்க' போய் 'நீ' வந்துவிட்டது. அவளுக்கு நான் 'அக்கா'. தெருவுக்கு அவள் 'பிடிலம்மா'.

அவள் தமிழ் ஒரு கூத்து. பாதி வாத்தியார் வீட்டில் பிடித்தது, பாதி எங்கள் மீன்காரம்மாவிடம் பிடித்தது. கோவளத்துப் பக்கத்திலிருந்து மொபெட்டில் கூடை கட்டிக்கொண்டு வருகிறவள் அந்த மீன்காரம்மா. "நமஸ்காரம்க்கா, இந்த கரண்ட்டு ஒரே பேஜாரா கீது" என்று ஒரே மூச்சில் வரும் பிடிலம்மாவுக்கு. வாத்தியார் வீட்டில் மீன் வாசனை ஆகாது. அதனால் நெத்திலியை என் அடுப்பில் வறுத்து, என் சமையலறையிலேயே நின்றுகொண்டு தின்றுவிட்டு, கையை மூன்று தடவை சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டு வகுப்புக்கு ஓடுவாள்.

மழையில் எங்கள் ஏரி வழிந்து தெருவெல்லாம் இடுப்பளவு தண்ணீர் வந்த வருஷம், என் வீட்டுக்காரர் போய் அதிக நாள் ஆகவில்லை. நானும் மகனும் மாடியில் அவளோடுதான் நான்கு நாள் கிடந்தோம். ஃபிரிட்ஜை மேலே தூக்க அவள்தான் ஒரு பக்கம் பிடித்தாள். அவள் நாட்டுத் தூதரகத்திலிருந்து யாரோ போன் செய்து, படகு ஏற்பாடு செய்கிறோம், ஓட்டலுக்கு வந்துவிடுங்கள் என்றார்கள். அவள் அவர்கள் மொழியில் என்னவோ சொல்லி வைத்துவிட்டாள். என்ன சொன்னாய் என்று கேட்டேன். "வீட்டுக்குள்ள தண்ணி வந்துடுச்சு, இப்படியே விட்டுட்டு எப்படி வரதுன்னு கேட்டேன்" என்றாள். தண்ணீர் வந்திருந்தது என் வீட்டுக்குள். அவள் போர்ஷனில் ஒரு சொட்டு ஈரம் இல்லை.

இப்படி ஒருத்தி வருஷா வருஷம் விசாவுக்குக் கால் கடுக்க நிற்பதைப் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வரும். "பேசாம இந்த ஊர்க்காரின்னு எழுதிக் குடுத்துடேன்" என்பேன். இரண்டு நாட்டுக் குடியுரிமையையும் வைத்துக்கொள்ள முடியாதாம். இதைக் கேட்டால் அதை விட வேண்டும். "அம்மா இருக்கற வரைக்கும் முடியாதுக்கா. அவங்க அங்க தனியா இருக்காங்க. நான் இந்த நாட்டுக்காரி இல்லன்னு எப்படி கையெழுத்துப் போடறது?" என்பாள்.

போன குளிர்காலத்தில் அந்த அம்மா போய்ச் சேர்ந்துவிட்டார்கள். இவள் போய் அடக்கம் செய்துவிட்டு, பன்னிரண்டாம் நாள் திரும்பி வந்தாள். பெட்டியை மேலே வைத்துவிட்டு நேராகக் கீழே வந்து, "அக்கா, இனிமே எனக்கு ஒரே ஊருதான்" என்றாள். மகன் சிறுசேரியில் கம்ப்யூட்டர் கம்பெனியில் இருக்கிறான். அவனை உட்காரவைத்து விண்ணப்பத்தைப் பூர்த்தி செய்யச் சொன்னாள். எல்லாத் தாளையும் ஒன்றுக்கு இரண்டு தடவை சரிபார்த்து அனுப்பினார்கள். போலீஸ் ஸ்டேஷனிலிருந்து விசாரணைக்கு ஆள் வரும் என்றான் மகன். அவ்வளவுதானே, நான் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். விசாரணையில் என்னை மிஞ்ச ஆள் உண்டா?

அவர் வந்த அன்று அவள் ஒரு கல்யாணக் கச்சேரிக்குப் பல்லாவரம் போயிருந்தாள். சாதாரண சட்டை பேண்ட், கையில் பிளாஸ்டிக் ஃபைல். மரியாதையான மனுஷன், இன்றைக்கும் அப்படித்தான் சொல்வேன். "மேடம் இல்லையாம்மா? பரவாயில்ல, வீட்டுக்காரங்க நீங்களே சொல்லுங்க. எப்படிப்பட்டவங்க, என்ன பண்றாங்க?" என்றார்.

என்ன பண்றாங்களா! உட்காரவைத்தேன். காபி கொடுத்தேன். ஆரம்பித்தேன்.

"சார், நவராத்திரிக்கு எங்க கோயில்ல முதல் நாள் கச்சேரி அவளோடதுதான். தாம்பரம், சேலையூர், குரோம்பேட்டை, எங்க கல்யாணம்னாலும் அவளைத்தான் கூப்பிடறாங்க. இன்னைக்குக்கூட பல்லாவரத்துல கச்சேரி. இந்தத் தெருப் பிள்ளைங்க பாதிப்பேர் அவகிட்டதான் வயலின் கத்துக்குது. விஜயதசமி அன்னைக்கு வந்து பாருங்க, படிக்கட்டுல கால் வைக்க இடம் இருக்காது."

"ஓ. ஃபீஸ் மாதிரி ஏதாவது வாங்கறாங்களா?"

அந்தக் கேள்வி எனக்குச் சுருக்கென்று தைத்தது. ஏதோ நாங்கள் எல்லாரும் ஒரு வெளியூர்க்காரியிடம் ஓசியில் காரியம் சாதித்துக்கொள்வதுபோல. "சும்மா கத்துக்குவோமா சார்? தட்டுல வெத்தலை பாக்கு, பழம், புடவை, கவர் எல்லாம் வச்சுத்தான் குடுக்கறோம். கோயில்லயும் பொன்னாடை போர்த்திக் கவர் குடுத்துதான் அனுப்பறாங்க. எங்க ஊர்ல அவளுக்கு ஒரு குறையும் வெக்கறதில்ல" என்றேன்.

அந்தக் கவர்களை அவள் பிரித்துக்கூடப் பார்க்காமல் கோயில் அன்னதானத்துக்குக் கொடுத்துவிடுவாள். அது எனக்குத் தெரியும். சொல்லவில்லை. சொன்னால் கொடுத்தவர்களுக்கு மரியாதைக் குறைவு என்று நினைத்தேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

அதோடு விட்டேனா? அவளுடைய முதல் கோயில் கச்சேரி நோட்டீஸை, அவள் பெயர் கொட்டை எழுத்தில் போட்டிருப்பதை, ஃபிரேம் போட்டு என் ஹாலில் மாட்டியிருந்தேன். அதைக் கழற்றி, முந்தானையால் துடைத்து, வெளிச்சம் விழுகிற மாதிரி நானே பிடித்துக்கொண்டேன். அவர் செல்போனில் படம் எடுத்துக்கொண்டார். நடுவில் ஒரு தடவை பேனாவை நிறுத்தி என்னைப் பார்த்தார். "இதெல்லாம் எழுதிடட்டுமாம்மா?" என்றார்.

"ஒண்ணு விடாம எழுதுங்க சார்" என்றேன். "அவ எங்க தெருப் பொண்ணு. அதையும் எழுதிக்கோங்க."

எழுதிக்கொண்டார். வெளியே போகும்போது கேட்டருகில் மீன்காரம்மா வண்டியை நிறுத்திக்கொண்டிருந்தாள். அவளிடமும் கேட்டார். "எனக்கு இன்னா சார் தெரியும்? நெத்திலி வாங்கும், ரெண்டு ரூபா கொறைன்னும், அவ்ளோதான்" என்று சொல்லிவிட்டு அவள் கூடையை இறக்க ஆரம்பித்துவிட்டாள். அவர் போனதும் என்னிடம் வந்தாள். "இன்னாக்கா, டேசன்லர்ந்து வந்தவராண்ட இம்மாந்நேரம் பேசினுகீற? கேட்டதுக்குப் பதிலச் சொல்லிட்டு வுட்ரணும்க்கா" என்றாள். பொறாமைக்காரி, இருபது வருஷமாக மீன் விற்கிறாயே, நல்லதாக நாலு வார்த்தை சொன்னால் என்ன என்று எனக்குள் எரிந்தது. அன்று அவளிடம் மீன்கூட வாங்கவில்லை.

சாயங்காலம் பிடிலம்மா வந்ததும் "ஜமாய்ச்சுட்டேன்!" என்றேன். சொன்னதையெல்லாம் ஒன்று விடாமல் சொன்னேன். "கச்சேரியும் சொன்னீங்களாக்கா?" என்று கேட்டாள். "பின்னே?" என்றேன். வயலின் பெட்டியைத் தோளிலிருந்து இறக்காமல் கொஞ்ச நேரம் நின்றாள். "சரிக்கா. காபி இருக்கா?" என்றாள்.

இரண்டு மாதம் கழித்துக் கடிதம் வந்தது. மகன்தான் படித்துத் தமிழில் சொன்னான். படிப்பதற்கென்று வாங்கிய விசாவில் இருந்துகொண்டு பணம் பெற்றுக் கச்சேரி செய்திருக்கிறார், பாடம் சொல்லிக் கொடுத்திருக்கிறார். நிபந்தனையை மீறியதால் குடியுரிமை இல்லை. விசாவும் இனி நீட்டிக்கப்படாது. ஒரு மாதத்துக்குள் நாட்டை விட்டுப் போக வேண்டும்.

"யாரும்மா இதெல்லாம் போய்ச் சொன்னது?" என்று மகன் தலையில் கை வைத்துக்கொண்டான். பிடிலம்மா என் முகத்தைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "யாரோ" என்றேன். நாள் முழுக்கப் பேசுகிற வாயிலிருந்து அந்த ஒரு வார்த்தைதான் வந்தது.

அப்புறம் ஒரு மாதம் நாங்கள் பட்ட பாடு இருக்கிறதே. தெருவே திரண்டது. பக்கத்து வீட்டு அம்மா ஒரு மனு எழுதி, வீடு வீடாகப் போய்க் கையெழுத்து வாங்கினாள். மகன் அதை வாங்கிப் பார்த்தான். 'எங்கள் பிள்ளைகளுக்குப் பல வருடங்களாக வயலின் கற்றுத்தரும் ஆசிரியையை' என்று ஆரம்பித்திருந்தது. "ஐயோ ஆன்ட்டி, இதைக் குடுத்தா நாளைக்கே அனுப்பிடுவாங்க!" என்று கத்தினான். கோயில் கமிட்டியிலிருந்து ஒரு சான்றிதழ் வந்தது. 'எங்கள் ஆலயத்தின் ஆஸ்தான வித்வாம்சினி' என்று தங்க எழுத்தில் அச்சடித்து, பொன்னாடை போர்த்துகிற போட்டோவையும் ஒட்டியிருந்தார்கள். கல்யாண வீட்டுக்காரர்கள் வீடியோ தரட்டுமா என்று கேட்டார்கள். அவளுக்காக யார் எதை எடுத்துக்கொண்டு வந்தாலும் அது அவளுக்கு எதிராகவே போனது. மகன் எல்லாவற்றையும் வாங்கி அலமாரியில் போட்டுப் பூட்டினான். எங்கள் கையில் அவளுக்கென்று வேறு எதுவுமே இல்லை.

கடிதம் அனுப்பிய ஆபீஸுக்கு அவளோடு நானும் போனேன். கவுண்டரில் இருந்தவரிடம், "சார், வாங்கின கவரை அவ தொட்டதுகூட இல்ல, அப்படியே அன்னதானத்துக்குக் குடுத்துடுவா" என்று கெஞ்சினேன். அவர் கோபப்படவில்லை. "வாங்கினாங்கதானேம்மா?" என்றார். அவளை மட்டும் உள்ளே கூப்பிட்டார்கள். அரை மணி நேரம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். வெளியே வந்தபோது அவள் மூக்கு சிவந்திருந்தது.

கிளம்புகிற அன்று காலையும் ஐந்து மணிக்கு வாசித்தாள். ஒரே வரிதான். நூறு தடவை வாசிக்க மாட்டாளா என்று கீழே நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். ஒன்பது மணிக்குப் பெட்டியோடு இறங்கி வந்து சாவியைக் கொடுத்தாள். மேலே மோட்டார் சுவிட்ச் கொஞ்சம் லூஸாக இருக்கிறது, எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள் என்றாள். எனக்கு அதற்கு மேல் தாங்கவில்லை. சாவியோடு அவள் கையையும் பிடித்துக்கொண்டேன்.

"நான்தான்டி சொன்னேன். எல்லாத்தையும் நான்தான் சொன்னேன். அவர் பேனாவ நிறுத்திக்கூடக் கேட்டார். எழுதுங்கன்னு நான்தான் சொன்னேன். பாவி நான், என் வாயாலயே உன்ன..."

"தெரியும்க்கா" என்றாள். "அன்னைக்கே தெரியும். நீங்க வந்து சொன்னப்பவே."

"தெரிஞ்சும் ஏண்டி என்னை ஒரு வார்த்தை திட்டல?"

அவள் பெட்டியைக் கீழே வைத்தாள். "அந்த ஆபீஸ்ல என்ன உள்ள கூப்பிட்டாங்க இல்ல, அந்த ரிப்போர்ட்ட எனக்குப் படிச்சுக் காமிச்சாங்க. ரெண்டு பக்கம். நீங்க சொன்னது எல்லாம் இருந்துச்சு. கோயிலு, பிள்ளைங்க, படிக்கட்டுல கால் வைக்க இடம் இல்லன்னு சொன்னது, எல்லாம். கடைசில, 'இவர் எங்கள் தெருப் பெண் என வீட்டு உரிமையாளர் தெரிவித்தார்'னு இருந்துச்சுக்கா. அரசாங்கப் பேப்பர்ல. சீல் வச்சு. அதுல ஒரு காப்பி குடுங்கன்னு கேட்டேன். குடுக்க மாட்டாங்களாம். ரூல் இல்லையாம்."

அப்போதுதான் அழுதாள். டாக்சிக்காரர் ஹாரன் அடித்தார். மீன்காரம்மா வண்டியைத் தெருவில் போட்டுவிட்டு வந்து, பாலிதீன் பையில் கட்டின நெத்திலிக் கருவாட்டை அவள் கையில் திணித்தாள். "இத்த எட்னு போ. அங்க இன்னாத்தத் துன்னுவியோ" என்றாள். மீன்காரம்மா என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் தேவலாம்.

இப்போது ஞாயிற்றுக்கிழமைகளில் போன் செய்கிறாள். அங்கே ஒரு சின்ன ஊரில், அம்மா விட்டுப்போன வீட்டில் இருக்கிறாள். தரையில் ஜில்லிப்பு ஏறுகிறதாம், இரண்டு கம்பளி போட்டுச் சப்பணம் போட்டு உட்கார்ந்து வாசிக்கிறாளாம். மறுபடி விண்ணப்பிக்க முடியுமா என்று மகன் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறான். பார்க்கலாம் என்கிறான். அவன் அதைச் சொல்கிற விதத்திலேயே எனக்குத் தெரிந்துவிடுகிறது. மாடி போர்ஷனை இன்னும் யாருக்கும் விடவில்லை.

போன வாரம் பக்கத்து வீட்டுப் பெண்ணைப் பற்றி விசாரிக்க மாப்பிள்ளை வீட்டார் வந்தார்கள். அன்று மனு எழுதினாளே, அந்த அம்மாவின் மகள்தான். பிடிலம்மாவிடம் ஆறு வருஷம் வயலின் கற்ற பெண். தங்கமான பெண், ஒரு படி தூக்கிச் சொல்ல வேண்டிய அவசியம்கூட இல்லை, இருப்பதைச் சொன்னாலே போதும். "பொண்ணு எப்படிங்க?" என்று கேட்டார்கள். வாயைத் திறந்தேன். பேனாவை நிறுத்திக்கொண்டு பார்த்த அந்த மனுஷர் முகம் வந்து நின்றது. "எனக்கு அவ்வளவா தெரியாதுங்க" என்றேன். அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு எழுந்தார்கள். காபிகூடக் குடிக்கவில்லை. முனைவீட்டம்மாவே தெரியாது என்கிறாள் என்றால் ஏதோ இருக்கிறது என்று நினைத்திருப்பார்கள். அந்த இடம் அப்படியே நின்றுபோனது. பக்கத்து வீட்டில் என்னோடு பேச்சு இல்லை.

ஞாயிற்றுக்கிழமை போனில் இதைச் சொன்னேன்.

"நல்ல பொண்ணாச்சேக்கா" என்றாள். "எனக்குச் சொன்ன மாதிரி அவளுக்கும் சொல்லியிருக்கலாம்ல?"